கல்லுக்குப் பழகிய கால்

என் வீட்டுக்காரரை நடக்கச் சொல்லி விரட்டியது நான்தான். ஊரில் ஆளுக்கு ஒருவரைக் குற்றம் சொல்கிறார்கள். நானும் சில நாள் உரக்கடைக்காரரைத் திட்டுவேன், சில நாள் தலையெழுத்தைத் திட்டுவேன். திட்டி ஓய்ந்து அடுப்படியில் தனியாக நிற்கும்போது என் வாய்தான் முதலில் ஞாபகத்துக்கு வரும்.

அவர் அரசு பஸ்ஸில் கண்டக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். முப்பது வருஷம் நின்றே பிழைத்தாயிற்று, இனி உட்காருவதைத் தவிர எனக்கு வேறு வேலை கிடையாது என்று வீட்டுக்கு வந்த முதல் நாளே சொல்லிவிட்டார். சொன்ன சொல்லைக் காப்பாற்றவும் செய்தார். நான் விராலிமலைக்குப் பக்கத்துப் பள்ளிக்கூடம் ஒன்றில் சத்துணவு அமைப்பாளர். காலையில் நான் கிளம்பும்போது டிவிக்கு எதிரே பிளாஸ்டிக் நாற்காலியில் இருப்பார். பிள்ளைகளுக்குச் சோறு போட்டு, பாத்திரம் கழுவ வைத்து, பதிவேடு எழுதிவிட்டு வந்தால் அதே நாற்காலியில் இருப்பார். எனக்கு வாய் சும்மா இருக்காது. எழுந்தால் நாற்காலியும் கூடவே ஒட்டிக்கொண்டு வரும் என்பேன். மிக்சர் டப்பாவை ஒளித்து வைப்பேன். அவர் சிரித்துக்கொண்டே வேறு டப்பாவைக் கண்டுபிடிப்பார்.

இரண்டாவது வருஷம் சர்க்கரை வந்தது. டாக்டர் மாத்திரை எழுதினார். இனிமேல் செருப்பில்லாமல் வாசலைத் தாண்டக் கூடாது என்றார். தினமும் முக்கால் மணி நேரம் நடக்கச் சொன்னார். சொன்னதில் நடை மட்டும்தான் என் காதில் ஏறியது. அதைத்தானே நான் இரண்டு வருஷமாகக் கத்திக்கொண்டிருந்தேன்! டாக்டரே என் கட்சிக்கு வந்துவிட்டார் என்று எனக்கு மிதப்பு. மறுநாள் ஐந்து மணிக்கே போர்வையை உருவி, அவரைப் பள்ளிக்கூட மைதானத்துக்குத் துரத்திவிட்டேன்.

கோயம்புத்தூரில் இருக்கும் எங்கள் மகள் கேன்வாஸ் ஷூ வாங்கி அனுப்பியிருந்தாள். மூன்று நாள் அதைப் போட்டுக்கொண்டு மைதானத்தைச் சுற்றினார். நாலாவது நாள் ஷூவைக் கையில் பிடித்துக்கொண்டு வெறுங்காலோடு வீட்டுக்கு வந்தார். என்னங்க ஷூ கடிக்குதா என்று கேட்டேன். கடிக்கவில்லையாம். மண்ணிலிருந்து உடம்புக்குள் ஏற வேண்டிய சக்தியை ரப்பர் தடுத்துவிடுகிறதாம். உரக்கடைக்காரர் சொன்னாராம்.

உரக்கடைக்காரர் எங்கள் பக்கம் எல்லோருக்கும் தெரிந்த மனிதர். அறுபதைத் தாண்டியும் வயிறு உள்ளே ஒட்டியிருக்கும், மீசைக்கு மை அடித்திருப்பார். அவருக்கும் சர்க்கரை இருந்ததாம், நடந்தே ஓட்டிவிட்டாராம். கடையில் யூரியா மூட்டை இறங்கும் நேரம் போக மற்ற நேரமெல்லாம் அவருக்கு உடம்பைப் பற்றிய பேச்சுதான். மைதானத்தில் இருபது பேரைச் சேர்த்து ஒரு நடைக்குழு வைத்திருந்தார். எல்லோருக்கும் ஒரே பச்சை பனியன். அதன் முதுகில் இரண்டு பாதங்கள் அச்சடித்திருக்கும். என் வீட்டுக்காரருக்கும் ஒன்று வந்தது. வயிற்றுக்கு மேல் அது இறங்கவில்லை. இரண்டு மாதத்தில் இறங்கும் என்று உரக்கடைக்காரர் தேதி குறித்துக் கொடுத்தார்.

அந்தக் குழுவின் சட்டதிட்டங்களை நான் கேட்டுக் கேட்டு மனப்பாடம் செய்துவிட்டேன். கோயிலில்கூட அத்தனை கட்டுப்பாடு கிடையாது. மைதானத்து ஓரத்தில் சுண்ணாம்புப் பொடியால் பெரிய எட்டு ஒன்று போட்டிருப்பார்கள். எட்டின் தலை வடக்கே இருக்க வேண்டும். வலது காலை எடுத்து வைத்து உள்ளே நுழைய வேண்டும். இருபத்தொரு நிமிஷம் ஒரு பக்கமாகவும், இருபத்தொரு நிமிஷம் திருப்பியும் நடக்க வேண்டும். பேசக் கூடாது. தும்மினால் வெளியே வந்து, மறுபடி வலது காலை வைத்து நுழைய வேண்டும். எட்டின் நடுவில் இரண்டு கோடும் வெட்டுகிற இடத்தில் எதிரும் புதிருமாக வருகிறவர்கள் முட்டிக்கொள்வார்களே, அதற்கும் விதி உண்டு. தெற்கேயிருந்து வருகிறவர்தான் நின்று வழி விட வேண்டும்.

எட்டின் தலை கிழக்கேதான் இருக்க வேண்டும் என்று ஓய்வு பெற்ற தலைமையாசிரியர் ஒருவர் ஒருநாள் சண்டை பிடித்தார். ஒரு வாரம் வாக்குவாதம் நடந்தது. கடைசியில் அவர் நாலு பேரைப் பிரித்துக்கொண்டு போய், மைதானத்தின் அங்கிட்டுக் கோடியில் தனியாக ஒரு எட்டுப் போட்டுக்கொண்டார். அதன்பிறகு இரண்டு எட்டுக்காரர்களும் எதிரில் பார்த்தால் வணக்கம்கூடச் சொல்வதில்லை. ஒரு கல்யாணத்தில் சாப்பாட்டுப் பந்தியில் எதிரெதிரே உட்கார நேர்ந்தபோது என் வீட்டுக்காரர் இலையை விட்டு எழுந்துவிட்டார். எனக்கு மானம் போனது.

நடந்து முடித்ததும் வட்டமாக நின்று கையைத் தூக்கிப் பதினொரு தடவை சிரிக்க வேண்டும். மலையிலிருந்து மயில் பதிலுக்கு அகவும். நான் ஒருநாள் பால் வாங்கப் போகும்போது வேலி ஓரமாக நின்று பார்த்தேன். ஒரு முகத்திலும் சிரிப்பு இல்லை. ஆய், ஊய் என்று சத்தம் மட்டும் வருகிறது, கண்ணெல்லாம் எண்ணிக்கையில் இருக்கிறது. அந்த வட்டத்தில் நின்ற ஒருவருக்கு அண்ணன் செத்து மூன்றாம் நாள். பால் தெளிக்கப் போவதற்கு முன்னால் வந்து பதினொன்றையும் சிரித்து முடித்துவிட்டுப் போனார். விட்டுப்போனால் முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டுமாம்.

சிரித்தபிறகு சூப். வாசலில் மொபெட்டில் எவர்சில்வர் தூக்கு வைத்துக்கொண்டு ஒருவர் முடக்கத்தான் சூப் விற்பார். கசப்பில் முகம் கோணும். அதைக் குடித்த கையோடு எதிர்த்த டீக்கடையில் ஆளுக்கு இரண்டு பருப்பு வடை. சூப் முதலில் போனால் எண்ணெய் குடலில் ஒட்டாது என்பது உரக்கடைக்காரரின் கண்டுபிடிப்பு. அந்த ஒன்றை மட்டும் யாரும் எதிர்த்து வாதாடவில்லை.

மகள் அடுத்தபடியாக, எத்தனை அடி நடந்தோம் என்று எண்ணிக் காட்டும் கைக்கடிகாரம் ஒன்றை அனுப்பினாள். பத்தாயிரம் அடி ஆனால் அது கையில் துடிக்கும். ஆகாத நாளில் அவருக்குச் சோறு இறங்காது. டிவி பார்த்துக்கொண்டே கையை முன்னும் பின்னும் ஆட்டுவார், பார்க்க மாவு சலிக்கிற மாதிரி இருக்கும். மழை பெய்த ஒருநாள் கடிகாரத்தை என் கையில் கட்டிவிட்டார். பள்ளிக்கூடச் சமையல் கூடத்துக்கும் சாமான் அறைக்குமாக நான் அலைந்த அலைச்சலில் மத்தியானத்துக்குள் பத்தாயிரம் தாண்டிவிட்டது. அதைத் தன் கணக்கில் குழுவுக்கு அனுப்பினார். இருபது பேரும் கை தட்டுகிற படத்தை அனுப்பினார்கள். முப்பது வருஷமாக நான் நடக்கும் நடைக்கு அன்றைக்குத்தான் கைதட்டல் கிடைத்தது, அதுவும் அவர் பேரில்.

கிண்டல் செய்கிறேனே ஒழிய, நடை நல்லதும் செய்தது. அதை மறைத்தால் பாவம். வயிறு வற்றியது, பச்சை பனியன் இறங்கியது. மாத்திரையையும் விடாமல் போட்டார். சர்க்கரை அளவு குறைந்தது. அதைவிடப் பெரிய விஷயம், மனிதருக்கு முகம் தெளிந்துவிட்டது. பேச ஆள் கிடைத்தார்கள். குளத்தூர்ப் பக்கம் ஒரு விசேஷத்துக்குப் போனபோது என் அண்ணனிடமே உடம்பைப் பற்றி ஒரு மணி நேரம் பேசினார். நான் அந்த ஷூவைப் பள்ளிக்கூடத்து வாட்ச்மேனுக்குக் கொடுத்துவிட்டேன். யாரும் கொடுக்கச் சொல்லவில்லை. இனிமேல் எதற்கு என்று நானாகத்தான் கொடுத்தேன்.

இனி கல்லைப் பற்றிச் சொல்ல வேண்டும். அதுதான் எல்லாம்.

எட்டுக்குப் பக்கத்தில் உரக்கடைக்காரர் இருபதடி நீளத்துக்குக் கூழாங்கல் பதித்து ஒரு பாதை போட்டிருந்தார். பாதத்தில் உடம்பின் எல்லா உறுப்புக்கும் முனை இருக்கிறதாம். கல் குத்தினால் உறுப்பு விழித்துக்கொள்ளுமாம். எங்கே வலிக்கிறதோ அங்கே கோளாறு. வலி நின்றுவிட்டால் கோளாறு தீர்ந்தது என்று அர்த்தம். ஞாயிற்றுக்கிழமை தோறும் எல்லோரும் வரிசையாக அதன்மேல் நடப்பார்கள். புது ஆட்கள் துள்ளுவார்கள், பக்கத்தில் இருப்பவர் தோளைப் பிடிப்பார்கள். பழைய ஆட்கள் கையைக் கட்டிக்கொண்டு, முகம் சுளிக்காமல், மெதுவாகப் போக வேண்டும். முகத்தைக் கவனிப்பதற்கென்றே உரக்கடைக்காரர் அந்தக் கோடியில் நிற்பார்.

ஆரம்பத்தில் என் வீட்டுக்காரர் அதன்மேல் அழுதே விட்டார். வீட்டுக்கு வந்து பாதத்தை வெந்நீரில் வைத்துக்கொண்டு, ஈரல் முனையில் உயிர் போகிறது என்று சொல்வார். நான் ஒத்தடம் கொடுப்பேன். போகப் போக வலி குறைந்தது. முதலில் விரல்களில் நின்றது, பிறகு முன்பாதத்தில், பிறகு குதிகாலில். ஒவ்வொன்றாக நிற்க நிற்க, எந்த உறுப்பு சரியாகிவிட்டது என்று எனக்கு வந்து சொல்வார். ஒரு வருஷம் முடிவதற்குள் எல்லா உறுப்பும் சரியாகிவிட்டது. கல்லின்மேல் நடக்கும்போது பஞ்சுமேல் நடப்பது போல இருக்கிறது என்றார். உரக்கடைக்காரருக்கே அந்தப் பாதையில் லேசாகப் புருவம் நெளியுமாம். இவருக்கு அதுவும் இல்லை.

குழுவின் ஆண்டு விழாவில் அவருக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். உரக்கடைக்காரர் மைக்கைப் பிடித்து, நாம் எல்லோரும் நடக்கிறோம், அண்ணன் ஒருத்தர்தான் தேறியிருக்கிறார் என்று பேசினார். இனிமேல் கல்பாதையில் முதலில் கால் வைப்பது அண்ணன்தான் என்று அறிவித்தார். நான் பெண்கள் பக்கம் உட்கார்ந்திருந்தேன். முப்பது வருஷ சர்வீஸில் சில்லறைக்காகத் திட்டு வாங்கிய மனிதர், ஒருநாள் ஒரு மாலை வாங்கியதில்லை. அவர் கண் கலங்கியதைப் பார்த்து எனக்கும் கலங்கியது. வீட்டுக்கு வந்ததும் சுற்றிப் போட்டேன். கூறு கெட்டவள், சுற்றிப் போட்டேன்!

கால் மரத்துக்கொண்டு வருகிறது என்று எனக்குத் தோன்றவே இல்லை. அவருக்கும் தோன்றவில்லை. சர்க்கரைக்காரர்களுக்கு அப்படி ஆகும் என்று யார் யாரோ சொல்லிக் கேள்விப்பட்டதுதான். ஆனால் அது மாத்திரை போடாதவர்களுக்கு, நடக்காதவர்களுக்கு என்று நினைத்துக்கொண்டோம். இவர்தான் நடக்கிறாரே, பொன்னாடை வேறு போட்டிருக்கிறார்களே.

ஐப்பசி மழையில் மைதானம் சேறானபோது எங்கள் மொட்டை மாடியிலும் ஒரு எட்டுப் போட்டோம். அவர் செல்போனில் திசை பார்த்துச் சொன்னார், நான் கயிற்றைப் பிடித்துச் சுண்ணாம்புக் கோடு இழுத்தேன்.

பொங்கல் கழிந்து உரக்கடைக்காரர் ஒரு விரதம் அறிவித்தார். ஒரு மண்டலம், அதாவது நாற்பத்தெட்டு நாள், செருப்பே தொடக் கூடாது. மைதானத்தில் மட்டுமில்லை, கடைத்தெரு, கக்கூஸ், வயல், எங்கேயும் வெறுங்கால்தான். ஒருநாள் தவறினாலும் முதலிலிருந்து. சாமிக்கு மாலை போட்டவர்கள் மாதிரி ஒருத்தரை ஒருத்தர் கண்காணித்துக்கொண்டார்கள். பதினைந்து நாளில் பாதிப் பேர் கழன்றுகொண்டார்கள். ஒருவருக்குக் கண்ணாடி குத்தியது, ஒருவருக்கு மருமகள் சத்தம் போட்டாள். மிச்சம் இருந்தவர்கள் என் வீட்டுக்காரரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அண்ணன் இருக்கும்வரை நாங்களும் இருப்போம் என்றார்களாம்.

முப்பத்தைந்தாம் நாள் வாக்கில் வீட்டுத் தரையில் சிவப்புச் சிவப்பாக அடி தெரிந்தது. எங்கள் மைதானம் செம்மண். ஈரத்தில் நடந்துவிட்டு அப்படியே உள்ளே வந்துவிட்டார் என்று நினைத்து, வாசலில் கால் கழுவிக்கொண்டு வந்தால் என்ன குறைந்தா போய்விடும் என்று கத்தினேன். கழுவிக்கொண்டுதான் வந்தேன் என்றார். பொய் சொல்கிறார் என்று இன்னும் கத்தினேன். மூன்று நாள் குனிந்து குனிந்து அந்தத் தரையைத் துடைத்தேன். துடைத்த துணியைப் பிழிந்தேன். பிழிந்த தண்ணீரைச் செடிக்கு ஊற்றினேன். ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, அந்தத் துணியை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்திருக்கலாம்.

அதன்பிறகு வீட்டில் நாற்றம். எலிதான் எங்கேயோ செத்துக் கிடக்கிறது என்று பீரோவை நகர்த்தினேன், கட்டிலுக்கு அடியில் விளக்குமாற்றை விட்டுத் துழாவினேன், அரிசி டிரம்மை உருட்டினேன். அவரும் கூட நின்று பீரோவைத் தள்ளினார். வலது காலை ஊன்றித் தள்ளினார். பீரோவுக்குப் பின்னால் கூட்டக் குனிந்தபோது நாற்றம் என் மூக்குக்குப் பக்கத்தில் வந்தது. பக்கத்தில் இருந்தது அவர் கால்.

உட்காரவைத்துத் திருப்பிப் பார்த்தேன். கட்டை விரலுக்குக் கீழே ஒரு ரூபாய் அகலத்துக்குக் குழி. சுற்றிலும் கறுப்பு. வலிக்கலையாங்க என்று கேட்டேன். இல்லை என்று சொன்னார். சொன்ன மாதிரியில் கொஞ்சம் பெருமைகூட இருந்தது.

அன்றே புதுக்கோட்டைக்குப் போயிருக்க வேண்டும். ஆட்டோவுக்குச் சொல்லக்கூடப் போனேன். அதற்குள் அவர் போன் செய்து உரக்கடைக்காரர் வந்துவிட்டார். தூர நின்று பார்த்தார். உடம்பில் இருந்த கெட்ட ரத்தம் முனை வழியாக வெளியேறுகிறது, நல்ல அறிகுறி, மஞ்சளும் வேப்பிலையும் அரைத்துப் போடுங்கள் என்று சொல்லிவிட்டுப் போனார். எனக்கு நம்பிக்கை இல்லை. நம்பிக்கை இல்லை என்பதை இன்றைக்கும் சத்தியம் செய்து சொல்வேன். ஆட்டோ வரட்டும் என்று நின்றேன்.

அப்போதுதான் அவர் என் கையைப் பிடித்தார். கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் என்னிடம் அவர் எதையும் இது வேண்டும் என்று கேட்டதில்லை. கொடுத்ததைச் சாப்பிடுவார், எடுத்து வைத்ததை உடுத்துவார். "இன்னம் ஆறு நாள்தான்டி இருக்கு. ஆஸ்பத்திரிக்குப் போனா செருப்பு மாட்டி விட்ருவாங்க. எல்லாரும் என்னையத்தான் பாத்துக்கிட்டு இருக்காங்க. ஆறே நாள். அப்பறம் நீ எங்க கூப்பிட்டாலும் வாரேன்" என்றார்.

சிடுசிடுப்புக்குப் பேர்போன நான், நாற்காலிக்கும் மிக்சருக்கும் ஊரைக் கூட்டிச் சண்டை போட்ட நான், அன்றைக்கு வாயை மூடிக்கொண்டேன். சரி என்றேன். மஞ்சளும் வேப்பிலையும் நானே அரைத்தேன். என் கையாலேயே அப்பிக் கட்டினேன். கட்டின துணியோடு மறுநாள் காலையிலும் கல்லின்மேல் நடந்தார்.

நாலாவது நாள் குளிர் ஜுரம் வந்து உடம்பு தூக்கித் தூக்கிப் போட்டது. முட்டி வரைக்கும் கால் வீங்கிப் பளபளத்தது. புதுக்கோட்டைக்குக் கொண்டுபோனோம். ஆட்டோவில் பாதி நினைவில், இன்னும் ரெண்டு நாள் என்று விரலைக் காட்டினார். ஆஸ்பத்திரியில் ஒரு பெண் டாக்டர், என் மகள் வயதுதான் இருக்கும், கட்டைப் பிரித்தார். இடுக்கியை விட்டு ஒரு அங்குல நீளத்துக்குக் கருவேல முள் ஒன்றை வெளியே எடுத்தார். இது உள்ளே போய் மூன்று வாரமாவது இருக்குமே, ஒன்றுமே தெரியவில்லையா என்று அவரிடம் கேட்டார்.

"பழகிருச்சும்மா. நமக்கு எல்லா முனையும் தேறிருச்சு" என்றார் என் வீட்டுக்காரர்.

அந்தப் பெண் என்னைப் பார்த்தார். பிறகு அவர் பக்கம் குனிந்து, "பழகலைங்க ஐயா. நரம்பு செத்துப் போச்சு" என்றார். இரண்டு பாதத்தையும் தொட்டுச் சோதித்துப் பார்த்துவிட்டு, இடது காலிலும் உணர்ச்சி பெரும்பாலும் போய்விட்டது, இனி அதையாவது காப்பாற்றுங்கள் என்று என்னிடம் தனியாகச் சொன்னார். முதலில் விரலை எடுத்தார்கள். மூன்று நாள் கழித்து முட்டிக்குக் கீழே வலது காலையே எடுத்தார்கள். கையெழுத்துப் போட்டது நான்தான். நாலு நாள் முன்னால் வந்திருந்தால் விரலோடு போயிருக்குமா என்று டாக்டரிடம் கேட்டேன். அதை இப்போது கேட்டு என்னம்மா ஆகப்போகிறது என்றார். அதிலேயே எனக்குப் பதில் கிடைத்துவிட்டது.

வீட்டுக்கு வந்த வாரம் நடைக்குழு திரண்டு வந்தது. ஹார்லிக்ஸும் ஆப்பிளும் வாங்கிக்கொண்டு, பச்சை பனியனோடு வந்தார்கள். ஒருவரும் கட்டிலின் கால்மாட்டைப் பார்க்கவில்லை. காபி குடித்தார்கள். எல்லோர் காலிலும் செருப்பு இருந்தது, அதை வாசலில் கழற்றும்போது பார்த்தேன். விரதம் என்ன ஆயிற்று என்று என் வீட்டுக்காரர்தான் கேட்டார். அண்ணன் படுத்ததிலிருந்து யாருக்கும் மனசு இல்லை என்றார் ஒருவர். மொட்டை மாடியைக் கொஞ்சம் பார்க்கலாமா என்று கேட்டு உரக்கடைக்காரர் மேலே போனார். ஐந்து நிமிஷம் கழித்து இறங்கி வந்து செல்போனை எல்லோருக்கும் காட்டினார். நாங்கள் மாடியில் போட்ட எட்டு வடக்கே பார்த்து இல்லையாம், கொஞ்சம் மேற்கே சாய்ந்திருக்கிறதாம். மழைக்காலம் முழுக்க அதில் நடந்ததுதான் காலை வாங்கிவிட்டதாம். நல்லவேளை, உயிரோடு விட்டதாம்.

எனக்கு வந்த ஆத்திரத்தில் என்ன பேசினேன் என்று முழுதாக ஞாபகம் இல்லை. உங்கள் யூரியாவைப் பயிருக்குப் போடுங்கள், மனுஷன் காலில் போடாதீர்கள் என்று சொன்னது ஞாபகம் இருக்கிறது. அவர்கள் தலையைக் குனிந்துகொண்டு எழுந்து போனார்கள். கோபத்தில் சொல்கிறாள், பாவம் என்று வாசலில் யாரோ சொன்னது காதில் விழுந்தது.

திரும்பி வந்தால் என் வீட்டுக்காரர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். "கயிறை நீதானடி புடிச்ச" என்றார். திட்டுகிற தொனி இல்லை. சாதாரணமாக, ஞாபகப்படுத்துகிற மாதிரி சொன்னார். முள்ளைச் சொல்லவா, நரம்பைச் சொல்லவா? அந்த ஆறு நாளைச் சொன்னால் அதுவும் நான் கொடுத்ததுதான். கயிற்றைப் பிடித்தது நான்தான் என்று ஒத்துக்கொண்டேன்.

இப்போது அவர் பெரும்பாலும் கட்டிலில் இருக்கிறார். கழிப்பறைக்கு வாக்கரைப் பிடித்துக்கொண்டு தத்தித் தத்திப் போவார். உரக்கடைக்காரர் வருவதில்லை, ஆனால் போனில் பேசுகிறார். உட்கார்ந்தபடியே இடது பாதத்தைக் கல்லில் அழுத்தச் சொல்லியிருக்கிறார். என் வீட்டுக்காரர் கூழாங்கல் கொண்டுவரச் சொல்லி என்னை நச்சரிக்கிறார். நான் கொண்டுவரவில்லை. அந்த ஒரு விஷயத்தில் மட்டும் உறுதியாக இருக்கிறேன். கட்டைக்கால் பொருத்தினால் மறுபடி மைதானத்துக்குப் போகலாம் என்று நம்பிக்கொண்டிருக்கிறார். சர்க்கரையும் இப்போது ஏறித்தான் இருக்கிறது, நடை இல்லையே. மிச்சமிருக்கிற இடது காலும் அதிக நாள் தாங்காது என்று எனக்குத் தெரியும். டாக்டரும் வேறு மாதிரி சொல்லவில்லை.

தினமும் காலையில் ஒரு சோதனை செய்யச் சொல்லியிருக்கிறார் டாக்டர். என் வீட்டுக்காரர் கண்ணை மூடிக்கொள்ள வேண்டும். நான் விரல் நுனியால் அவருடைய இடது காலின் கட்டை விரல், நடுவிரல், சுண்டு விரலை ஒவ்வொன்றாக லேசாகத் தொட வேண்டும். அழுத்தக் கூடாது, தொட்டவுடன் எடுத்துவிட வேண்டும். தொடும்போது அவர் சொல்ல வேண்டும். முதல் வாரம் மூன்றில் ஒன்றைச் சொன்னார். பிறகு அதுவும் இல்லை. நான் தொட்டு எடுத்தபிறகும் காத்துக்கொண்டே இருப்பார். அந்த முகத்தைப் பார்க்க முடியாது. திடீரென்று மூன்றும் சரியாகச் சொல்ல ஆரம்பித்தார். இரண்டு நாள் சந்தோஷப்பட்டேன். மூன்றாம் நாள்தான் புரிந்தது, என் வளையல் சத்தத்தை வைத்துச் சொல்கிறார். வளையலை முழங்கைக்கு ஏற்றிக்கொண்டேன்.

இன்று காலை காபி கொடுத்துவிட்டு அவர் கால்மாட்டில் உட்கார்ந்தேன். கண்ணை மூடினார். வெளியே பால்காரர் வண்டி போனது. நான் உடனே ஆரம்பிக்கவில்லை, அந்தப் பாதத்தைப் பார்த்தபடி சும்மா உட்கார்ந்திருந்தேன்.

"தெரியுது" என்றார் அவர். "கட்டை வெரல்தானே?"

கண்ணைத் திறக்காமல், நான் என்ன சொல்லப்போகிறேன் என்று முகத்தைக் கொஞ்சம் தூக்கி வைத்துக்கொண்டிருந்தார்.

என் இரண்டு கையும் மடியில் இருந்தன. "ஆமாங்க, கட்டை வெரல்தான்" என்றேன்.